சுவருக்கு நிறம் எதற்கு?

வீட்டுச் சுவருக்கு எந்த நிறம் பூசுவது என்பது ஒழுக்க சாஸ்திரத்தில் ஆராயத்தக்க விஷயமா என்று நேயர்கள் நகைக்கக்கூடும். கூலி உயர்வு, பிள்ளைகளின் கல்வி, குடியின் கேடு முதலிய பெரிய பிரச்சினைகள் காத்திருக்கச் சாயத்தைப் பற்றி ஒரு வியாசமா என்று கேட்பாரும் உளர். யானும் நெடுநாள் அவ்வாறே எண்ணியிருந்தேன். ஆயினும், சென்ற தீபாவளிக்கு முன், மம்பாவ் பக்கத்துத் தோட்டமொன்றில், கிராணி என்ற முறையில் யான் செய்ய நேர்ந்த ஒரு சிறு காரியம் அவ்வெண்ணத்தை மாற்றிவிட்டது. அதனைச் சொல்லி, அதிலிருந்து எழும் கேள்வியை நேயர்கள் முன் வைக்கிறேன்.

எங்கள் தோட்டத்து வீட்டு வரிசையில் ஓர் அம்மையார் குடியிருக்கிறார். கணவரை இழந்தவர், வயது அறுபதை நெருங்குகிறது. முதலிற் பால்மரம் வெட்டியும், ரப்பர் போய்ச் செம்பனை வந்தபின் உதிரிப் பழம் பொறுக்கியும், ஏறக்குறைய நாற்பது ஆண்டுகளைத் தோட்டத்திலேயே கழித்தவர். தீபாவளிக்கென்று அவர் தம் வீட்டின் முன்சுவருக்குக் கிளிப்பச்சையும், கதவுக்கு மயில்நீலமும் அடித்துவிட்டார். உள்ளே ஒரு சுவர் மஞ்சள், ஒரு சுவர் ரோஜா. சிமெண்டுத் தரை செக்கச் செவேல். சுவரில் ஒரு சாண் இடம் வெறுமையாக இல்லை. மளிகைக் கடைக் காலண்டர்களிலிருந்து கத்தரித்துச் சட்டமிட்ட தெய்வப் படங்கள், பேரப் பிள்ளைகள் பட்டம் பெற்ற புகைப்படங்கள், காகிதப் பூச்சரங்கள், மணிகள் கோத்த திரை, கண்ணாடி அலமாரியில் பொம்மைகள், அவற்றுக்கு நடுவே துலக்கி வைத்த குத்துவிளக்கு. புகுந்தவன் கண் எங்கே தங்குவதென்று அறியாது திகைக்கும்.

வரிசை வீடுகளின் முன்புறம் யாவும் ஒரே வெளிர்மஞ்சளாக இருத்தல் வேண்டுமென்பது தோட்டத்தின் விதி. ஆகவே, சுவரை முன்போலாக்கச் சொல்லும்படி ஆபீஸிலிருந்து யான் அனுப்பப்பட்டேன். சொல்ல வேண்டியதைச் சொல்லிவிட்டு, படித்தவன் என்ற மிடுக்கில் ஒரு புத்திமதியும் சேர்த்தேன்: "அம்மா, இன்னும் சில மாதங்களில் உங்களுக்கு ஓய்வு. அப்போது வீட்டைத் திருப்பிக் கொடுத்துவிட வேண்டும். சொந்தமில்லாத சுவருக்கு இவ்வளவு செலவு எதற்கு?"

அவர் கோபிக்கவில்லை. "வீடு தோட்டத்துச் சொத்துதான், கிராணியாரே. நான் இல்லையென்று சொல்லவில்லை. ஆனால் வேலை முடிந்து வந்து பார்க்கிற கண் என் கண்தானே?" என்றார்.

யான் மறுமொழி கூறாமல், கையிலிருந்த பட்டியலில் அவ்வீட்டு எண்ணைக் குறித்துக்கொண்டு திரும்பினேன். இரண்டு நாளிற் கிளிப்பச்சை மறைந்தது. என் கடமை முடிந்தது. அவர் கேள்வி முடியவில்லை.

நிற்க. இத்தகைய அலங்காரத்தைக் கற்றவர் இகழ்வதற்குக் கூறும் காரணங்கள் இரண்டு. ஒன்று, அது ரசனையற்ற பகட்டு என்பது. மற்றொன்று, அது ஏழைக்குத் தகாத வீண்செலவு என்பது. முதலாவதை முதலில் ஆராய்வோம்.

செட்டிநாட்டு மாளிகைகளைப் பற்றி அறியாதார் இலர். பர்மாத் தேக்குத் தூண்கள், இத்தாலியச் சலவைக்கல், பெல்ஜியக் கண்ணாடிகள், முட்டை வெண்கரு கலந்து மெருகேற்றிய சுவர்கள், பல வர்ணக் கண்ணாடிச் சன்னல்கள் என்று அங்கே அலங்காரத்துக்கு அளவேயில்லை. ஆத்தங்குடித் தரைக்கல் சூளையிற் சுடப்படுவதன்று. கண்ணாடிப் பலகைமேல் அச்சை வைத்து, வர்ணக் குழம்பைக் கையால் வார்த்து, மேலே மணலும் சிமெண்டும் இட்டு, நீரில் ஊறவைத்து உலர்த்தப்படுவது. சிவப்பும் பச்சையும் மஞ்சளும் கலந்த அத்தரையை இன்று கலைச்செல்வம் என்று போற்றுகிறோம். அம்மாளிகைகள் சில பிரயாணிகள் தங்கும் விடுதிகளாகவும் விளங்குகின்றன. அச்செல்வத்தில் ஒரு பங்கு பர்மாவிலும் மலாயாவிலும் லேவாதேவியில் ஈட்டப்பட்டது என்பதும் நாம் அறிந்ததே. எனவே, நிறமிகுதி தனவந்தர் வீட்டிலிருந்தால் பாரம்பரியம். பால்மரம் வெட்டியவர் வீட்டிலிருந்தால் பட்டிக்காட்டுத்தனம். இத்தீர்ப்பு நிறத்தைப் பார்த்து வழங்கியதா, நிறத்துக்கு உடையவரைப் பார்த்து வழங்கியதா?

இக்குற்றத்தில் யானும் பங்காளி. 2018ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதத்தில், குடமுழுக்கை முன்னிட்டுப் பத்துமலையின் 272 படிகளுக்கும் பல வர்ணம் தீட்டப்பட்டது. முன் அனுமதி பெறப்பட்டதா என்று மரபுரிமை இலாகா வினவியது. அது சட்டத்தைப் பற்றிய நியாயமான கேள்வி. யானோ சட்டத்தைக் கருதவில்லை, "என்ன பகட்டு இது!" என்று நண்பரிடம் எள்ளினேன். பின்னர், பிறநாட்டார் அப்படிகளிலே நின்று படம் பிடித்து வியந்தனர். உடனே எனக்கும் அவை அழகாகத் தோன்றின! என் ரசனை என்னுடையதாக இருந்திருப்பின், பிறர் வியக்கும்வரை அது காத்திருக்குமோ?

இனி, வெண்மையின் கதையையும் சிறிது கேட்போம். பழைய தோட்டங்களில் தொழிலாளர் குடியிருந்த வரிசைகளுக்குச் சுண்ணாம்பு அடித்தனர். மலேரியாவும் பிற நோய்களும் ஜனங்களை வாரிக்கொண்டு போன காலத்திற் சுண்ணாம்பு சுகாதாரத்துக்கு உதவியது. அதனை மறுப்பது நன்றி மறத்தலாகும். ஆயினும், அவ்வெண்மை குடியிருந்தோர் விரும்பிக் கேட்டதன்று. மேற்பார்வையிடுவோர் கண்ணுக்கு ஒழுங்காகத் தோன்றிய நிறம். வீடு வேலையோடு வந்தது, வேலையோடு போயிற்று. 1990ஆம் ஆண்டின் 446ஆம் சட்டம் தொழிலாளர் வீடுகளுக்குக் குறைந்தபட்ச வசதிகளை விதிக்கிறது. நன்மையே. ஆனால், மனிதன் தன் வீட்டிலே தன்னைக் காணவேண்டும் என்று எந்தச் சட்டத்தில் எழுத முடியும்?

எளிமை சிறந்த குணம் என்பர். உண்மை. ஆனால் எளிமை என்பது, வேண்டியதைக் கொள்ள வல்லவன் வேண்டாமென்று விடுவது. கொள்ள வழியில்லாதவனுடைய வெறுஞ்சுவர் எளிமையன்று, இல்லாமை. துறவும் வறுமையும் ஒரே கந்தையை உடுத்தலாம். அதனால் இரண்டும் ஒன்றாகிவிடா. துறப்பதற்கு ஒன்றும் பெறாதவரிடம் சென்று துறவை உபதேசிப்பது, பசித்தவனுக்கு உபவாசத்தின் மகிமையைச் சொல்வது போன்றதேயாம்.

மேல்நாட்டில் அலங்காரத்தின் பெரும் பகைவராகப் பெயர் பெற்றவர் வியன்னாவின் கட்டடக் கலைஞர் அடால்ப் லூஸ். 1910ஆம் ஆண்டையொட்டி அலங்காரமும் குற்றமும் என்ற பொருள்பற்றி அவர் ஆற்றிய பிரசங்கம், அலங்காரம் உழைப்பையும் பொருளையும் பாழாக்குகிறது என்று சாடியது. ஆனால் அதிலேயே ஒரு செருப்புத் தைப்பவரின் கதை வருகிறது. வழக்கத்துக்கு அதிகமாக விலை தருகிறேன் என்றவுடன் அத்தொழிலாளி ஆனந்தம் அடைகிறார். பூவேலை ஏதுமின்றி வெறுமையாகச் செய்யவேண்டும் என்றவுடன் அவ்வானந்தம் அழிந்துவிடுகிறது. வேலை குறைந்தது, மகிழ்ச்சி பறிபோயிற்று. ஆகவே, அவருடைய செருப்பிலுள்ள அலங்காரத்தைத் தாம் பொறுத்துக்கொள்வதாக லூஸ் சொல்கிறார். நாளெல்லாம் பாடுபட்டபின் தம்மைப் போன்றார்க்கு உயர்ந்த சங்கீதம் இருக்கிறது. அவருக்கு அவ்வலங்காரந் தவிர வேறில்லை என்பது அவர் கருத்து. அக்கூற்றில் மேட்டிமை இல்லாமல் இல்லை. எனினும், அலங்காரத்தின் எதிரியே ஏழையின் வாசலில் நின்றுவிட்டதைக் கவனியுங்கள்.

பிரான்ஸ் தேசத்தில் போர்தோ நகருக்கருகே பெசாக் என்னுமிடத்தில், தொழிலாளர்க்கென்று ஏறத்தாழ ஐம்பது வீடுகள் 1926ஆம் ஆண்டிற் கட்டி முடிக்கப்பட்டன. கட்டடக் கலைஞர் லெ கொர்பூசியே. தட்டையான கூரை, நீண்ட சன்னல், அவரே தேர்ந்த நிறங்கள். குடிபுகுந்தவர்களோ காலப்போக்கில் சாய்கூரை போட்டனர், சன்னல்களைச் சுருக்கினர், திறந்த இடங்களை அடைத்துத் தங்கள் மனம்போல் அணி செய்தனர். ஒரு கலைஞனின் சித்திரம் சிதைந்தது என்று வருந்துவோர் வருந்தலாம். ஆயினும், சித்திரத்துக்குள் மனிதர் குடியிருக்க முடியாது. வீட்டுக்குள்ளேதான் குடியிருக்க முடியும்.

இரண்டாவது காரணமாகிய வீண்செலவை அவ்வளவு எளிதில் தள்ளிவிட இயலாது. தவணைக்குச் சாமான் வாங்கி, வட்டிக்கடைக்கு நகையை அனுப்பி, பக்கத்து வீட்டானை மிஞ்சுவதற்காகச் சோபாவும் கண்ணாடி அலமாரியும் அடுக்குவாரை யான் அறிவேன். அங்கே பணம் கொடுத்து வாங்கப்படுவது நிறமன்று, அயலான் பொறாமை. அந்த வீட்டில் பிள்ளையின் புத்தகமும் பாலும் சுவரிற் பூச்சாகிவிடுகின்றன. இதனைக் கண்டிக்கத் தயங்கலாகாது. ஆனால் அந்த அம்மையார் கடன் வாங்கவில்லை. கூட்டுப் பணம் கைக்கு வந்தபோது மூன்று டின் சாயம் வாங்கினார்; தாமே ஏணியேறி அடித்தார். எவர் தட்டிலிருந்தும் ஒரு பருக்கை குறையவில்லை. எனவே, நாம் கேட்க வேண்டியது "எவ்வளவு அலங்காரம்?" என்பதன்று, "யார் கண்ணுக்காக, யார் பணத்தில்?" என்பதே. தன் கண்ணுக்காகத் தன் உழைப்பிற் செய்தது நிறைந்து வழிந்தாலும் குற்றமில்லை. பிறர் கண்ணுக்காகக் கடனிற் செய்தது ஒரே ஒரு பூந்தொட்டியானாலும் அடிமைத்தனமே.

இந்த அளவுகோலை என் வீட்டின்மேல் வைத்தபோதுதான் எனக்கு நாணம் உண்டாயிற்று. என் தாயாரும் இதே வரிசையிற் குடியிருந்து பால்மரம் வெட்டியவர். யான் ஆங்கிலப் பள்ளியிற் பயின்று, கிராணியாகி, தனி வீடு பெற்றபோது, அவர் தம் படங்களையும், வர்ணத் தோரணங்களையும், நீலச் சாயமடித்த பழைய பெட்டியையும் கொண்டுவந்தார். உடன் பயின்ற நண்பர்கள் வருவார்கள் என்று அவற்றையெல்லாம் பின்னறைக்குத் தள்ளினேன். சுவருக்குச் சாம்பல் நிறம் அடித்தேன். யான் கடன் வாங்கவில்லை, பகட்டும் இல்லை, பார்ப்பவர் எளிமை என்று மெச்சினர். ஆனால் அச்சாம்பல் நிறம் யாருடைய கண்ணுக்காக? தோட்டத்துப் பிள்ளை என்று ஒருவரும் எண்ணிவிடக்கூடாதே என்ற அச்சத்தின் நிறம் அது. தாயார் ஒரு வார்த்தையும் சொல்லவில்லை. பின்னறையிலே தம் படங்களோடு இருந்து, அங்கேயே கண்ணை மூடினார்.

அன்பர்களே! ரப்பர்த் தோட்டங்களாயிருந்த நிலங்களிற் பல இன்று தாமான்களாகி வருகின்றன. வரிசையிற் பிறந்த நம்மிற் பலர் அங்கே சொந்த வீடு வாங்குகிறோம். முதன்முறையாகச் சுவர் நம்முடையதாகிறது. அப்போது கண்ணும் நம்முடையதாக இருக்கட்டும். வெண்மை பிடித்தால் வெண்மை. கிளிப்பச்சை பிடித்தால் கிளிப்பச்சை. அயலானுக்கு அஞ்சியும் வேண்டாம். அயலானை அச்சுறுத்தவும் வேண்டாம்.

அந்த அம்மையார் விரைவில் வீட்டைக் காலி செய்வார். முன்சுவர் இப்போது விதிப்படி வெளிர்மஞ்சளாக இருக்கிறது. உள்ளே மஞ்சளும் ரோஜாவும் அப்படியே உள்ளன. உட்புறம் பற்றி விதியில் ஒன்றுமில்லை. அவர் போனபின் அதற்கும் வெள்ளையடிக்கப் பட்டியல் எழுத வேண்டியவன் யானே. எழுதுவேன், அஃது என் வேலை. ஆனால் அதற்கு முன் என் வீட்டுப் பின்னறையைத் திறந்து, நீலப் பெட்டியை முன்கூடத்துக்குக் கொண்டுவந்து வைத்துவிட்டேன்.