நச்சுப் பாசியும் மனிதன் கடமையும்

பொறுப்பு என்பது அறிவோடு பிணைந்தது. அறியும் ஆற்றல் உடையவன்மீதே அறம் கடமையைச் சுமத்துகின்றது. எனின், ஏரிக்கரையிலுள்ள எச்சரிக்கைப் பலகையை வாசிக்க இயலாத நாயொன்று அந்நீரை அருந்தி இறந்துபடின், அதற்குப் பொறுப்பாளி யார்?

பாசியின் நஞ்சு புதியதன்று. தென் அவுஸ்திரேலியாவின் அலெக்சாந்திரினா ஏரியிற் பாசி படர்ந்த நீரை அருந்திய செம்மறியாடு, குதிரை, நாய் முதலியன மடிந்தமையை 1878இல் ஜோர்ஜ் பிரான்சிஸ் என்பார் 'நேச்சர்' சஞ்சிகையில் எடுத்துரைத்தார். ஆயின், இன்று அப்பாசி பெருகுவதில் மனிதனின் பங்கு பெரிது. வட அயர்லாந்தின் லொக் நே ஏரியை 2023ஆம் ஆண்டுக் கோடையில் நீலப்பச்சைப் பாசி போர்த்தது. விளைநிலங்களிலிருந்தும் கழிவுநீரிலிருந்தும் வந்து சேர்ந்த பொசுபரசு அதற்கு ஊட்டமாயிற்று, வெப்பம் துணைநின்றது.

நாய் அந்நீரைக் குடிப்பதனால் மட்டுமன்றி, நீந்தியபின் தன் உரோமத்தை நக்குவதனாலும் நஞ்சுண்கின்றது. ஈரலோ நரம்புத் தொகுதியோ தாக்கப்பட்டுச் சில மணி நேரத்திலேயே இறக்கவுங் கூடும். அந்நஞ்சுக்கு மாற்றுமருந்து இல்லை. ஆதலின், நாயை வாரிட்டு விலக்கி நடத்துவதும், நனைந்துவிடின் உடனே தூய நீராற் கழுவி மருத்துவரிடம் கொண்டுசெல்வதும் வளர்ப்பவனின் கடமையாகும்.

ஆனால், கடமை அவ்வளவில் முடிந்துவிடுவதில்லை. நாயைக் கட்டிவைக்கலாம், நீர் தேடிவரும் பறவையை யார் கட்டிவைப்பது? நீரை நஞ்சாக்கும் செயலைத் தடுக்காது, நாயை மட்டும் தடுப்பது பாதி அறமே. எச்சரிக்கைப் பலகை வாசிக்கத் தெரிந்தவனை நோக்கியே எழுதப்பட்டது. அவன் அதிலே தன் நாய்க்குரிய தடையை மட்டுமன்றித் தனக்குரிய குற்றச்சாட்டையும் வாசித்தல் வேண்டும்.