முதலில் சாப்பாடு, பிறகு கேள்வி



பாஸ்கா காலத்தின் மூன்றாம் ஞாயிறாகிய இன்று யோவான் நற்செய்தியின் 21ஆம் அதிகாரத்தை வாசிக்கக் கேட்டோம். சாவை வென்று எழுந்த ஆண்டவர் இந்தப் பகுதியில் என்ன செய்கிறார்? சமைக்கிறார். விடியும் நேரத்தில் திபேரியக் கடற்கரையில் கரியில் தீ மூட்டி, மீனைச் சுட்டு, அப்பமும் எடுத்துவைத்துக்கொண்டு காத்திருக்கிறார். இராத்திரி முழுக்க வலை வீசியும் ஒன்றும் அகப்படாமல் திரும்பி வருகிற ஏழு பேருக்காகக் காத்திருக்கிறார். அந்த ஏழு பேர் யார் யார்? அவரைத் தெரியவே தெரியாது என்று மூன்று முறை சொன்ன பேதுரு. காயத்தைத் தொட்டுப் பார்க்காமல் நம்பமாட்டேன் என்ற தோமா. நத்தனியேல், செபதேயுவின் மக்கள் இருவர், பெயர் சொல்லப்படாத இன்னும் இருவர்.

கேட்பதற்கு ஆண்டவருக்கு எவ்வளவோ இருந்தது. ஏன் ஓடிப்போனீர்கள், ஏன் மறுத்தீர்கள், நான் சொல்லி அனுப்பிய வேலையை விட்டுவிட்டு மறுபடி ஏன் படகில் ஏறினீர்கள் என்றெல்லாம் கேட்டிருக்கலாம். கேட்கவில்லை. கரையில் நின்று ஒரே ஒரு கேள்வி கேட்டார் என்பது உண்மை. அதுவும் மீன் ஏதாவது கிடைத்ததா என்பதுதான். பேதுருவைப் பார்த்து, என்மேல் உனக்கு அன்பு உண்டா என்று மூன்று முறை கேட்டது பிறகு. எப்போது? அவர்கள் சாப்பிட்டு முடித்தபின். நற்செய்தியாளர் அதைத் தெளிவாக எழுதிவைத்திருக்கிறார். முதலில் சாப்பாடு. கேள்வி அதற்குப் பிறகு.

நம் வீடுகளில் இந்த வரிசை தலைகீழாகக் கிடக்கிறது. கூடுவாஞ்சேரியிலிருந்தும் ஊரப்பாக்கத்திலிருந்தும் வேலைக்குப் போய், சென்னைக் கடற்கரை நிலைய ரயிலில் நின்றுகொண்டே திரும்பி வருகிற மகள் செருப்பைக் கழற்றுவதற்கு முன் கேள்வி வந்துவிடுகிறது. ஏன் இவ்வளவு நேரம்? சம்பளம் ஏறிச்சா? பன்னிரண்டாம் வகுப்பு முடிவு வரப்போகிற நேரம் இது. பிள்ளைகள் சோற்றுத் தட்டின் முன்னால் உட்கார்ந்தவுடன் என்ன கேட்கிறோம்? எவ்வளவு வரும் என்று நினைக்கிற, கட் ஆஃப் தேறுமா, பக்கத்து வீட்டுப் பையன் எவ்வளவு சொல்றான். பிள்ளை பாதித் தட்டோடு எழுந்து போய் அறைக் கதவைச் சாத்திக்கொள்கிறது. வீடு மந்திரிக்க வரும்போது அந்தச் சாத்திய கதவுகளைப் பார்க்கிறேன். சாமி வந்திருக்காங்க, வெளியே வா என்று நீங்கள் கூப்பிடுவதும், உள்ளேயிருந்து பதில் வராததும் எனக்கு மிகவும் வலிக்கிறது.

அதனால் இன்றைக்கு ஒரு குழம்பைப் பற்றிப் பேசப்போகிறேன். வெண்டைக்காய் தக்காளிக் குழம்பு. பலிபீடத்துக்கு முன் நின்று இதைப் பேசலாமா என்று யாரும் நினைக்க வேண்டாம். ஆண்டவர் மீன் சுட்டதை நற்செய்தி சொல்கிறது. அவர் பெயரால் நாம் என்ன சமைக்கிறோம், எப்படிச் சமைக்கிறோம் என்பதைக் கோவிலில் பேசாமல் வேறு எங்கே பேசுவது?

வெண்டைக்காயிலேயே நம் பழக்கம் தெரிந்துவிடுகிறது. வெண்டைக்காய் சாப்பிட்டால் கணக்கு நன்றாக வரும் என்று சொல்லித்தான் நாமெல்லாரும் ஊட்டப்பட்டோம், இன்றும் அப்படித்தான் ஊட்டுகிறோம். ஆசையோடு சொல்வதுதான், தப்பில்லை. ஆனால் கொஞ்சம் நிறுத்தி யோசியுங்கள். ஊட்டுகிற கையிலேயே ஒரு எதிர்பார்ப்பும் சேர்ந்து வருகிறது. சாப்பிடு, பதிலுக்கு மார்க் கொடு. ஆண்டவர் அந்த ஏழு பேருக்கும் கொடுத்த அப்பத்தில் அப்படி எந்த நிபந்தனையும் இல்லை. பேதுரு மன்னிப்புக் கேட்பதற்கு முன்பே மீன் வெந்திருந்தது.

சமையல் கடையில் தொடங்குகிறது. மேற்குத் தாம்பரம் சண்முகம் சாலையிலும் பல்லாவரம் வெள்ளிக்கிழமைச் சந்தையிலும் சாக்கு விரித்துக் காய் விற்கிற அம்மாக்களைப் பாருங்கள். வெண்டைக்காய்க் குவியல் முன்னால் நாம் குனிகிறோம், முனையை ஒடிக்கிறோம். டக்கென்று ஒடிந்தால் பிஞ்சு, கூடையில் போடுகிறோம். வளைந்தால் முற்றல், ஒடிந்தும் ஒடியாமலும் இருக்கிற அந்தக் காயைக் குவியலிலேயே போட்டுவிட்டு அடுத்ததை எடுக்கிறோம். சாயங்காலம் அந்த அம்மா முன்னால் முனை முறிந்து கறுத்த காய்கள் மட்டும் கிடக்கும். அதை யாரும் வாங்கமாட்டார்கள். அந்த நட்டம் அவருடையது. இது சின்ன விஷயம் இல்லை. என் பிள்ளைக்கு நல்ல காய் வேண்டும் என்பதற்காக அவர் பிள்ளையின் சோற்றில் கைவைக்கிறேன். விரல் நீளத்துக்கு மேல் போகாத, பச்சை மங்காத, மேலே மெல்லிய முடி இருக்கிற காயைக் கண்ணாலேயே பொறுக்கலாம். ஒடித்தே பார்க்க வேண்டும் என்றால், ஒடித்ததை வாங்கிக்கொண்டு போங்கள். முற்றலாக இருந்தால் சாம்பாருக்கு ஆகும்.

தக்காளி நாட்டுத் தக்காளியாக இருக்கட்டும். பெங்களூர்த் தக்காளி கெட்டியாக இருக்கும், நாலு நாள் தாங்கும், ஆனால் இந்தக் குழம்புக்கு வேண்டிய புளிப்பு அதில் போதாது. 2023 ஜூலையில் தக்காளி கிலோ நூறு ரூபாயைத் தாண்டிப்போய், ரேஷன் கடைகளில் கிலோ 60 ரூபாய்க்கு அரசே விற்றது நினைவிருக்கும். அந்த மாதிரி நாளில் இரண்டு தக்காளியும் கொஞ்சம் கூடுதல் புளியும் போதும்.

கால் கிலோ வெண்டைக்காயை முழுசாகவே கழுவி, துணியால் ஒவ்வொன்றாகத் துடைத்து, ஈரம் போகும்வரை பரப்பி வையுங்கள். அவசரத்தில் பலர் விடுவது இந்த இடத்தைத்தான். வெண்டைக்காயின் கொழகொழப்பு தண்ணீரில் கரையும் தன்மையுள்ளது. ஈரக் காயை வெட்டினால் கத்தியோடு நூல் நூலாக இழுத்துக்கொண்டு வரும். காய்ந்த காயை ஒரு அங்குல நீளத்துக்கு நறுக்கி, அகலமான வாணலியில் நல்லெண்ணெய் விட்டுப் போடுங்கள். மூடி போடாதீர்கள், மூடினால் ஆவி திரும்பக் காயிலேயே விழும். தண்ணீர் தெளிக்காதீர்கள். உப்பும் போடாதீர்கள். உப்பை முதலில் போட்டால் காய் தண்ணீர் விட்டுக் கொழகொழத்துப் போகும். களைத்து வந்த பிள்ளையிடம் வாசலிலேயே கேள்வி கேட்பது இந்த உப்பு மாதிரி. உப்பு கெட்டதில்லை, குழம்புக்கு உப்பு வேண்டும். போடவேண்டிய நேரம் ஒன்று இருக்கிறது, அவ்வளவுதான். நூல் அறுந்து, ஓரம் லேசாகச் சிவக்கும்வரை பொறுமையாகப் புரட்டி, காயை இறக்கித் தனியே வையுங்கள்.

அதே வாணலியில் கடுகு, வெந்தயம், கறிவேப்பிலை தாளித்து, ஒரு கைப்பிடி சின்ன வெங்காயமும் பத்துப் பல் பூண்டும் வதக்கி, நாலு தக்காளியை நறுக்கிப் போட்டுக் கரையவிடுங்கள். மஞ்சள்தூள், வீட்டுக் குழம்புத்தூள், இப்போது உப்பு. நெல்லிக்காய் அளவு புளியைக் கரைத்து ஊற்றி, பச்சை வாசனை போய் எண்ணெய் பிரிந்து மேலே மிதக்கும்வரை கொதிக்கட்டும். வதக்கி வைத்த காயைக் கடைசியில் போட்டால் போதும், ஐந்து நிமிடத்தில் இறக்கிவிடலாம். மிச்சமிருக்கிற கொழகொழப்பைத் தக்காளியின் புளிப்பும் புளியும் எடுத்துவிடும்.

இந்தச் சட்டியில் சேர்ந்திருக்கிற பலவும் எங்கிருந்தோ வந்தவை. தக்காளியும் மிளகாயும் அமெரிக்கக் கண்டங்களுக்குச் சொந்தமானவை. கொலம்பஸ் கடல் கடந்த பிறகுதான் நம் பக்கம் வந்தன. வெண்டைக்காய் ஆப்பிரிக்காவில் பல நூற்றாண்டாகச் சமைக்கப்படுவது. அடிமைகளாகக் கப்பலேற்றப்பட்ட ஆப்பிரிக்க மக்களோடு அது அட்லாண்டிக் கடலைத் தாண்டியது. இன்றைக்கும் அமெரிக்காவின் தென் மாநிலங்களான ஜார்ஜியா, தெற்குக் கரோலினா, லூசியானா பக்கத்தில் வெண்டைக்காயையும் தக்காளியையும் ஒரே சட்டியில் வேகவைத்துச் சோற்றோடு சாப்பிடுவது வீட்டுச் சமையல். எசமானின் வயலிலும் அடுக்களையிலும் நாளெல்லாம் வேலை வாங்கப்பட்டவர்கள், தங்கள் குடிசையருகே சின்னத் துண்டு நிலத்தில் வெண்டை வளர்த்தார்கள். அவர்களைப் பார்த்துச் சாப்பிட்டாயா என்று கேட்க எசமான் வீட்டில் ஆள் இருந்திருக்காது. தங்கள் பிள்ளைகளை அவர்களே கேட்டுக்கொண்டார்கள். அந்த மக்களை நினைத்து நான் ஆண்டவருக்கு நன்றி சொல்கிறேன். பட்ட துன்பத்துக்குப் பிறகும் பிள்ளைக்குச் சோறு போட்ட கைகள் அவை.

நமக்கும் கடற்கரையில் நடந்த அந்தக் காலை உணவுக்கும் ஒரு நெருங்கிய தொடர்பு உண்டு. அந்த ஏழு பேரில் தோமாவும் உட்கார்ந்து சாப்பிட்டார். நம் மரபின்படி அவர் இந்த மண்ணுக்கு வந்து, கி.பி. 72இல் பரங்கிமலையில் இரத்தம் சிந்தினார். 1523இல் போர்த்துக்கீசியர் அந்த மலையுச்சியில் கட்டிய ஆலயத்துக்கு நீங்கள் எத்தனையோ முறை படியேறிப் போயிருப்பீர்கள். தாம்பரத்திலிருந்து அரைமணி நேர ரயில் பயணம் கூட இல்லை. ஆண்டவர் கையால் சுட்ட மீனைச் சாப்பிட்ட ஒருவர் நம் பக்கத்து மலையில் இறைவேண்டல் செய்தார். நம்பமாட்டேன் என்றவருக்கும் அன்று ஒரு பங்கு மீன் வைக்கப்பட்டிருந்தது. உங்கள் வீட்டில் கோவிலுக்கு வராத பிள்ளை இருக்கிறதா? உங்கள் சொல்லை மீறித் திருமணம் செய்துகொண்ட மகள் இருக்கிறாளா? அவர்கள் தட்டில் முதலில் சோறு விழட்டும்.

இன்னொன்றும் கவனியுங்கள். சமைத்தவர் ஆண்டவர். ஆண். சாப்பிட்டவர்கள் ஏழு பேரும் உழைத்துக் களைத்த ஆண்கள். நம் வீடுகளில் விடியற்காலை நாலரை மணிக்கு எழுந்து இரண்டு வேளைக்கும் சமைத்து, பாத்திரம் கழுவி, ரயிலைப் பிடித்து வேலைக்கு ஓடுகிறவர் பெரும்பாலும் அம்மாதான். 1984இல் தாம்பரம் சானடோரியத்தில் மெப்ஸ் ஏற்றுமதி வளாகம் வந்த நாளிலிருந்து, அதன் வாசலில் ஷிப்ட் மாறும் நேரத்தில் நின்று பார்த்தால் தெரியும், எத்தனை பெண்கள் இப்படி இரண்டு வேலை பார்க்கிறார்கள் என்று. அப்பாக்களே, வளர்ந்த பையன்களே, வெண்டைக்காயைத் துடைப்பதற்கு ஆண்டவரை விடப் பெரியவர்களா நாம்? வாரத்தில் ஒரு நாள் அடுப்படிக்கு நீங்கள் போங்கள். அம்மா உட்காரட்டும். அம்மாவையும் யாராவது சாப்பிட்டீங்களா என்று கேட்கட்டும்.

நம்மால் இது முடியும். முடியும் என்று நாமே காட்டியிருக்கிறோம். 2015 டிசம்பர் 1ஆம் தேதி தொடங்கிய மழையில் ஒரே நாளில் தாம்பரத்தில் 49 சென்டிமீட்டர் கொட்டியது. முடிச்சூரும் வரதராஜபுரமும் அடையாற்று வெள்ளத்தில் மூழ்கின. மாடியிலும் பள்ளிக்கூடத்திலும் கல்யாண மண்டபத்திலும் மக்கள் ஒதுங்கியபோது, தண்ணீர் ஏறாத தெருக்களில் அண்டா வைத்துச் சமைத்தார்கள். பொட்டலம் கட்டி இடுப்பளவுத் தண்ணீரில் தலைமேல் தூக்கிக்கொண்டு போனார்கள். எந்தத் தெரு, எந்த மதம், எந்தச் சாதி, வாடகை வீடா சொந்த வீடா என்று யாரும் கேட்கவில்லை. பசிக்கிறதா என்று மட்டும் கேட்டார்கள். அந்தக் காரியத்தைச் செய்தது நாம்தான். வெள்ளம் வடிந்ததும் வரிசையைத் திரும்ப மாற்றிக்கொண்டோம்.

இந்த வாரம் ஆண்டவர் பெயரால் உங்களிடம் ஒன்று கேட்கிறேன். முடிவு வருகிற நாளன்று, மார்க் தெரிந்தாலும் தெரியாவிட்டாலும், வீட்டில் எல்லாரும் சேர்ந்து உட்கார்ந்து சாப்பிடுங்கள். போனைத் தள்ளி வையுங்கள். மார்க்கைப் பற்றி யாரும் வாய் திறக்க வேண்டாம், பெரியப்பா சித்தி போன் செய்தால்கூட அப்புறம் பேசுகிறோம் என்று சொல்லிவிடுங்கள். கைகழுவி வந்தபின் பிள்ளை தானாகப் பேசும். பேசாவிட்டால் மறுநாள் கேட்டுக்கொள்ளலாம். பேதுருவிடம் கேட்ட மூன்று கேள்விகளிலும் ஆண்டவர் பழைய கணக்கைத் தோண்டவில்லை. உனக்கு என்மேல் அன்பு உண்டா என்று கேட்டார், உடனே தன் ஆடுகளை நம்பி ஒப்படைத்தார்.

இன்னொரு வேலையும் இருக்கிறது. நம் பங்கின் எல்லைக்குள் வாடகை அறைகளிலும் விடுதிகளிலும் தங்கி வேலை பார்க்கிற இளைஞர்கள் நிறைய. தென் மாவட்டங்களிலிருந்து வந்தவர்கள், ஒடிசாவிலிருந்தும் பீகாரிலிருந்தும் வந்தவர்கள். ஞாயிற்றுக்கிழமை மதியம் பார்சல் வாங்கிக்கொண்டு போய்த் தனியாகச் சாப்பிடுகிறார்கள். ஆண்டவர் அடுப்பில் மீன் தயாராக இருந்தும், நீங்கள் பிடித்ததிலும் கொஞ்சம் கொண்டுவாருங்கள் என்றார். அவர்களையும் அப்படிச் சேர்த்துக்கொள்ளலாம், அவர்கள் ஊர்ச் சமையலும் நம் இலையில் வரட்டும். திருப்பலி முடிந்ததும் நம் தெருக் குழுக்களான அன்பியங்களின் பொறுப்பாளர்கள் வாசலருகே நோட்டோடு நிற்பார்கள். அடுத்த ஞாயிறு மதியம் ஒருவரை அழைத்துச் சோறு போட முடிகிற குடும்பங்கள் பெயர் கொடுத்துவிட்டுப் போங்கள். வருகிறவர் என்ன மதம், என்ன சம்பளம் என்று நோட்டில் கேட்கமாட்டார்கள். அதற்கு அதில் இடமும் விடவில்லை.