பிள்ளைகளுக்குச் சொல்லாதது

'நோ-நோ பாய்' நாவலை எழுதிய ஜான் ஒகாடா 1971-இல் மாரடைப்பில் இறந்தார். வயது 47. 1957-இல் வெளியான அந்த நாவலின் முதல் அச்சு 1,500 பிரதிகள்; அவர் கண்ணை மூடும்வரை அது விற்றுத் தீரவில்லை. இரண்டாவதாக ஒன்றை எழுதிக்கொண்டிருந்தார். ஜப்பானிலிருந்து கப்பலேறி அமெரிக்காவுக்கு வந்து பிழைத்த முதல் தலைமுறையின் கதை. அவர் விட்டுச்சென்ற காகிதங்களை மனைவி ஒரு பல்கலைக்கழகத்துக்குத் தருவதாகச் சொல்லிப் பார்த்தார். அவர்கள் ஆர்வம் காட்டவில்லை. கையெழுத்துப் பிரதியை எரித்துவிட்டார்.

அந்த அம்மாளைக் குறை சொல்ல எனக்கு வாய் வரவில்லை. கேட்க ஆளில்லாத கதையை எத்தனை நாள் பரணில் வைத்துக் காப்பது? ஆனால் இரண்டாம் உலகப் போரின்போது அமெரிக்காவும் கனடாவும் அடைத்துவைத்த ஜப்பானியக் குடும்பங்களைப் பற்றிய புத்தகங்களைப் படிக்கும்போதெல்லாம் எரிந்துபோன அந்த நாவல் நினைவில் குறுக்கிடுகிறது. நம் கைக்குக் கிடைப்பவை பெரும்பாலும் பிள்ளைகள் எழுதியவை. பிறகு பேரப்பிள்ளைகள் எழுதியவை. கைக்குழந்தையும் பெட்டியுமாக முகாமுக்குள் நுழைந்த பெரியவர்களில் பலர் தங்களுக்குள் ஜப்பானிய மொழியில் ஹைக்கூ எழுதினார்கள், நாட்குறிப்பு எழுதினார்கள். பெற்ற பிள்ளைகளிடம் மட்டும் வாய் திறக்காமல் போய்ச் சேர்ந்தார்கள். பட்ட அவமானத்தைப் பிள்ளைகளுக்குச் சொல்வதா, தன்னோடு கொண்டுபோய்விடுவதா? இந்தக் கேள்வி என்னை விடாததால்தான் அந்தப் புத்தகங்களுக்கு மறுபடி மறுபடி போகிறேன்.

நடந்தது பலருக்கும் தெரிந்திருக்கும். ஜப்பான் பேர்ல் ஹார்பரைத் தாக்கி இரண்டரை மாதத்துக்குள், 1942 பிப்ரவரி 19 அன்று, அமெரிக்க அதிபர் ரூஸ்வெல்ட் 9066-ஆம் எண் ஆணையில் கையெழுத்திட்டார். ஜப்பானிய வம்சாவளியினர் சுமார் 1,20,000 பேர் கடை, தோட்டம், படகு எல்லாவற்றையும் விட்டுவிட்டு, கையில் தூக்க முடிந்ததோடு கிளம்ப வேண்டியதாயிற்று. மூன்றில் இரண்டு பங்கினர் அமெரிக்க மண்ணில் பிறந்த குடிமக்கள். பலரை முதலில் குதிரைப் பந்தய மைதானத்து லாயங்களில் தங்கவைத்தார்கள். பிறகு பாலைவனத்திலும் சதுப்பு நிலத்திலுமாக எழுப்பிய பத்து முகாம்களுக்கு அனுப்பினார்கள். கனடாவில் சுமார் 22,000 பேருக்கு இதே கதி. அங்கே அவர்களுடைய சொத்துகளை அரசே விற்றது. போர் முடிந்த பிறகும் 1949 வரை மேற்குக் கரைக்குத் திரும்ப விடவில்லை.

அந்தக் கனடியக் குழந்தைகளில் ஒருவர் ஜாய் கொகாவா. 1981-இல் வந்த அவருடைய 'ஒபாசான்' நாவலில் நவோமியின் தாய், போர் மூளும் முன்பு, உடம்புக்கு முடியாத பாட்டியைப் பார்க்க ஜப்பான் போகிறாள். திரும்பி வரவேயில்லை. மகள் முகாமில் வளர்கிறாள், ஆல்பெர்ட்டாவின் பீட் வயல்களில் கிடந்து அல்லாடுகிறாள், பள்ளி ஆசிரியை ஆகிறாள், 36 வயதாகிறது. அம்மாவைப் பற்றி எப்போது கேட்டாலும் வளர்த்த பெரியம்மாவிடம் பதில் இல்லை. கடைசியில்தான் தெரிகிறது: தாய் நாகசாகியில் குண்டு விழுந்தபோது அங்கே இருந்திருக்கிறாள். முகம் சிதைந்துபோய் உயிர் பிழைத்திருக்கிறாள். பிள்ளைகளுக்கு இது தெரியவே வேண்டாம் என்று கேட்டுக்கொண்டிருக்கிறாள். அந்த விவரம் அடங்கிய கடிதங்கள் இத்தனை வருஷமும் அதே வீட்டில்தான் இருந்தன. நவோமிக்கு ஜப்பானிய எழுத்து படிக்கத் தெரியாது.

அந்தத் தாய் கேட்டதில் அன்பைத் தவிர வேறொன்றும் இல்லை. தன் முகம் மகளின் கனவில் வரக்கூடாது என்று நினைத்தாள், யாருக்குத்தான் தோன்றாது? ஆனால் மகளுக்கு அதனால் நிம்மதி கிடைக்கவில்லை. அம்மா ஏன் வரவில்லை, ஏன் ஒரு வரி எழுதவில்லை என்று முப்பது வருஷம் காத்துக் கிடந்ததுதான் மிச்சம். தாய் விழுங்கியதன் கசப்பு மகளுக்கும் போயிருக்கிறது, என்ன கசப்பு என்று மட்டும் தெரியாமல். கொகாவா தாயைப் பழிக்கவில்லை. மகளுக்கு ஆறுதல் சொல்லி முடிக்கவும் இல்லை.

இதே நாவலில் எமிலி என்று ஒரு சித்தி வருகிறாள். எதையும் மறக்கக்கூடாது, எல்லாவற்றையும் வெளியே கொட்ட வேண்டும் என்பவள். கூட்டம், மனு, கட்டுக் கட்டாகக் காகிதம். சத்தியமாக அவளோடு ஒரே வீட்டில் இரண்டு நாள் என்னால் இருக்க முடியாது. ஆனால் எமிலி போன்றவர்கள் ஓயாமல் பேசியிராவிட்டால் 1988 செப்டம்பரில் கனடா அரசு மன்னிப்புக் கேட்டிருக்காது. அன்றைக்கு நாடாளுமன்றத்தில் இந்த நாவலிலிருந்துதான் வாசித்தார்கள்.

சொல்லாமல் இருந்தால் பிள்ளைகளுக்குத் தெரியாது என்பதே ஒரு நம்பிக்கைதான். ஜீன் வகட்சுகி ஹூஸ்டன் தன் கணவரோடு சேர்ந்து எழுதிய 'ஃபேர்வெல் டு மான்ஸனார்' (1973) நூலில் ஒரு காட்சி உண்டு. ஊரைவிட்டுக் கிளம்பும் நேரம். அம்மா பொத்திப் பொத்தி வைத்திருந்த பீங்கான் பாத்திரங்களை ஒரு வியாபாரி 15 டாலருக்குக் கேட்கிறான். அதற்கு மேல் அம்மா எதுவும் பேசவில்லை. அவன் கண்ணெதிரே தட்டுகளை ஒவ்வொன்றாகத் தரையில் அடித்து உடைக்கிறாள். ஏழு வயது ஜீன் பார்த்துக்கொண்டு நிற்கிறாள். மீன்பிடிக்கிற அப்பாவை, ஜப்பானிய நீர்மூழ்கிக் கப்பலுக்கு எண்ணெய் கொடுத்தார் என்று அதற்கு முன்பே பிடித்துக்கொண்டுபோயிருந்தார்கள். மாதக்கணக்கில் வடக்கு டகோட்டாவில் அடைத்துவைத்து, குடும்பம் இருந்த மான்ஸனார் முகாமுக்கு அனுப்பியபோது அவர் கைத்தடியோடு வந்து இறங்கினார். பிறகு குடி. அங்கே என்ன நடந்தது என்று அவர் சொல்லவில்லை. வீட்டில் எல்லோரும் அந்த மௌனத்தோடுதான் குடித்தனம் நடத்தினார்கள். கால் நூற்றாண்டு கழித்து, முகாமிலேயே பிறந்த அக்கா மகன் ஒருவர் கேட்டபோதுதான் ஜீனுக்கும் வாய் வந்தது. கூடவே வாழ்ந்த கணவருக்கே அப்போதுதான் அதன் முழுக் கனம் புரிந்தது.

எங்கள் குடும்பத்திலும் யாரும் பேசாத ஒரு வருஷம் உண்டு. அது எது என்று இங்கே எழுதப்போவதில்லை. இப்படிச் சொல்லும்போதே அந்தப் பெரியவர்களின் பக்கம் கொஞ்சம் சாய்ந்துவிட்டேன் என்று தெரிகிறது. பட்டவருக்கு வாயை மூடிக்கொண்டிருக்கும் உரிமை உண்டு என்றுதான் இன்னும் நினைக்கிறேன். அந்த நினைப்பை ஆட்டிப் பார்ப்பது ஒகாடாவின் நாவல்.

1943-இல் முகாமில் பதினேழு வயதைத் தாண்டியவர்களுக்கெல்லாம் ஒரு கேள்வித்தாள் கொடுத்தார்கள். 27-ஆவது கேள்வி, ராணுவத்தில் சேருவாயா? 28-ஆவது, ஜப்பானியப் பேரரசர் மீதான விசுவாசத்தைத் துறந்து அமெரிக்காவுக்கு விசுவாசமாக இருப்பாயா? குடியுரிமையே மறுக்கப்பட்டிருந்த முதல் தலைமுறைக்கு, ஆம் என்றால் எந்த நாடும் இல்லாமல் போகும். அவர்களுக்கு மட்டும் பிறகு கேள்வியை மாற்ற வேண்டியிருந்தது. ஒகாடாவின் நாயகன் இச்சிரோ மறுத்தவன். சிறையிலிருந்து சியாட்டிலுக்குத் திரும்புகிறான். அவன் முகத்தில் துப்புபவர்கள் சொந்த இனத்தவர்கள். ஒகாடா ராணுவத்தில் பணியாற்றிய ஆள் என்பதை இங்கே சொல்ல வேண்டும். தான் எடுக்காத முடிவை எடுத்தவனுக்காக அவர் எழுதினார்.

அவருடைய இனத்தவர்கள் அந்த நாவலை வாங்கவில்லை. நல்ல பெயர் எடுத்துத் தலைநிமிர்ந்துகொண்டிருந்த காலம். போரில் உயிர் கொடுத்த பையன்களின் கதையை ஊருக்குச் சொல்லலாம். மறுத்தவனின் கதை எதற்கு? வயோமிங்கின் ஹார்ட் மவுண்டன் முகாமில், எங்கள் குடும்பங்களை வெளியே விடுங்கள், பிறகு ராணுவத்துக்கு வருகிறோம் என்று சொன்ன 63 இளைஞர்களுக்கு 1944-இல் மூன்று வருஷச் சிறை கிடைத்தது. 1947-இல் அதிபர் ட்ரூமன் மன்னித்தார். 1988 ஆகஸ்டில் அமெரிக்க அரசு உயிரோடிருந்த முகாம்வாசிகளிடம் மன்னிப்புக் கேட்டு ஆளுக்கு 20,000 டாலர் கொடுக்க முடிவெடுத்தது. அந்த இளைஞர்களை அன்று கைவிட்டு ஏசிய ஜப்பானிய அமெரிக்கக் குடிமக்கள் கழகம் அவர்களிடம் மன்னிப்புக் கேட்டது 2002-இல். அரசாங்கத்துக்கும் பதினான்கு வருஷம் பின்னால்.

என்னை உறுத்துவது இந்தக் கணக்குதான். பேசாத வீட்டில் எல்லோரும் ஒரே அளவுக்குப் பேசாமல் இருப்பதில்லை. சிலர் தாமாக மௌனமாக இருக்கிறார்கள். சிலரை மற்றவர்கள் அப்படி ஆக்குகிறார்கள். வெளியிலிருந்து பார்த்தால் இரண்டும் ஒன்றுபோலவே இருக்கும். அடைத்துவைத்த அரசுக்கோ இரண்டுமே சௌகரியம்.

இது வேறு நாட்டுச் சங்கதி என்று தள்ளவும் முடியாது. மலாயா, சிங்கப்பூர்ப் பக்கமிருந்து பிடித்து வந்த ஜப்பானியக் குடும்பங்களை ஆங்கிலேயர் ராஜஸ்தானில் உள்ள தேவ்லி முகாமில் வைத்திருந்தார்கள். 1962-இல் சீனப் போர் வந்ததும் சுதந்திர இந்தியா, அஸ்ஸாமிலும் டார்ஜிலிங்கிலும் தலைமுறைகளாக வாழ்ந்த சீன வம்சாவளியினர் சுமார் 3,000 பேரை அதே தேவ்லிக்கு ரயிலேற்றியது. ரீத்தா சௌத்ரி 'மாகாம்' என்று அஸ்ஸாமியில் ஒரு பெரிய நாவல் எழுதும்வரை நம்மில் எத்தனை பேருக்கு அது தெரியும்?

சொல்வதா, விடுவதா என்ற கேள்விக்கு எனக்குப் பிடித்த வழி மீனே ஓகுபோவினுடையது. அவர் ஓவியர். டான்ஃபரான் பந்தய மைதானத்து லாயத்திலும் பிறகு யூட்டாவின் டோபாஸ் முகாமிலும் இருந்தார். கேமரா வைத்திருக்கத் தடை, வரைந்து தள்ளினார். கழிப்பறை வரிசை, சாப்பாட்டு வரிசை, புழுதிக்காற்று, மரப்பலகை பொறுக்கி மேசை செய்கிறவர்கள். ஏறக்குறைய ஒவ்வொரு படத்திலும் ஒரு மூலையில் தானும் நிற்கிறார். கீழே ஒன்றிரண்டு வரி, அதுவும் உதட்டோரச் சிரிப்போடு. மனசுக்குள் என்ன இருந்தது என்று எங்கேயும் சொல்வதில்லை. நடந்ததில் எதையும் விடுவதும் இல்லை. குடும்பத்துக்கு அதிகாரிகள் கொடுத்த எண்ணையே தலைப்பாக்கி 1946-இலேயே 'சிட்டிசன் 13660' என்று வெளியிட்டார். அமெரிக்க நாடாளுமன்றம் அமைத்த விசாரணை ஆணையம் 1981-இல் சாட்சிகளைக் கூப்பிட்டபோது ஓகுபோவும் போனார். அந்தப் புத்தகத்தின் பிரதி ஒன்றை ஆணையத்திடம் கொடுத்தார். அப்போது அது வெளிவந்து 35 வருஷம் ஆகியிருந்தது.