உத்தரவு போட்டு வாங்கிய துறவு

பணி வழக்குகள் நடத்தும் வழக்கறிஞரிடம் வருகிறவர்களில் பாதிப் பேர் கையில் ஒரு தற்காலிகச் சான்றிதழ் இருக்கும். அதன் தேதிமேல் விரலை வைத்து மறைத்தபடியே பேசுவார்கள். விண்ணப்பிக்கக் கடைசி நாள் போன பிறகு வந்த பட்டம் அது. விதியிலோ விளம்பரத்திலோ வேறு நாள் குறிக்காவிட்டால், கடைசி நாளன்று இருந்த தகுதிதான் தகுதி. மறுநாள் கிடைத்தது கணக்கில் வராது. என் கட்சிக்காரர்கள் தோற்றாலும் இது நியாயம் என்றே நினைக்கிறேன். ஒருவர் நாளை என்ன ஆவார் என்று பார்க்கும் அதிகாரம் அரசுக்கு இருக்கக் கூடாது.

அப்படியானால் சி.பி. முத்தம்மாவிடம் அரசு எதைப் பார்த்தது?

வேலையாகச் சாணக்யபுரித் தமிழ்நாடு இல்லத்துக்குப் போகும்போதெல்லாம் தூதரகக் கொடிகளுக்கு நடுவே இந்தக் கேள்வி வந்து நிற்கும். குடகில் பிறந்து, சென்னையில் படித்து, 1949-ல் வெளியுறவுப் பணியில் சேர்ந்த முதல் பெண் அவர். கல்யாணம் செய்தால் வேலையை விட்டுவிடுவேன் என்று எழுதி வாங்கிக்கொண்டார்கள். 1961 விதிகள் அதையே சட்டமாக்கின. பெண் அதிகாரி மணம் முடிக்க எழுத்துமூலம் அனுமதி பெற வேண்டும். குடும்பப் பொறுப்பு வேலைக்கு இடைஞ்சலாகும் என்று அரசு கருதினால் விலகச் சொல்லலாம். மணமான பெண் நியமனத்தை உரிமையாகக் கேட்க முடியாது. ஆணுக்கு இவற்றில் ஒன்றும் இல்லை.

மற்றவர்களுக்கு ஒரு நாள் தள்ளிப் பார்க்க மறுக்கும் சட்டம், அவருக்கு மட்டும் ஆயுள் முழுவதையும் முன்கூட்டியே பார்த்துவிட்டது. இன்னும் வராத கணவன், இன்னும் பிறக்காத பிள்ளை இவர்களெல்லாம் தகுதிக் குறைவாகிப் போனார்கள்.

இதற்குள் ஒரு சமயக் கேள்வி இருக்கிறது. துறவை யாராவது கட்டளையிட முடியுமா? காப்பிய நாயகி மணிமேகலையின் மனமே இளவரசன் உதயகுமாரன் பக்கம் போகத்தான் செய்தது. அதைத் தாண்டித்தான் அவள் துறவுக்கு வந்தாள். விட வேண்டியது எதுவென்று தெரிந்து, தானே விட்டால்தான் அது துறவு. வேலைக்கு ஈடாக எழுதி வாங்கியதை எந்த மரபும் துறவுக் கணக்கில் சேர்த்ததில்லை. வள்ளுவர் இல்லறத்தை முதலில் வைத்துத் துறவறத்தைப் பின்னால் வைத்தார். ஆட்களைத் தேர்வது பற்றிய ‘தெரிந்து தெளிதல்’ அதிகாரத்தில் இன்னும் ஒரு படி போகிறார்: சுற்றம் இல்லாதவரை நம்பிப் பொறுப்புக் கொடுக்காதே, அவருக்குப் பற்றில்லை, பழிக்கு நாணவும் மாட்டார் என்கிறார். டெல்லியின் விதி இதற்கு நேர் எதிர். வள்ளுவர் சொன்னதையும் அப்படியே என்னால் ஏற்க முடியவில்லை. கடைசிவரை மணம் செய்யாத முத்தம்மா ஹங்கேரியிலும் கானாவிலும் நெதர்லாந்திலும் தூதராக இருந்தார். நாட்டின்மேல் அவருக்கு இருந்த பற்றில் யார் குறை காண முடியும்? மணம் உண்டா இல்லையா என்பது ஒருவரின் நேர்மைக்கு அளவுகோலே அல்ல.

பதவி உயர்வு மறுக்கப்பட்டதும் அவர் உச்ச நீதிமன்றம் போனார். 1979 செப்டம்பரில் நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர் எழுதிய தீர்ப்பு, குடும்பப் பொறுப்பு இடைஞ்சல் என்றால் அது ஆணுக்கும் வரக்கூடியதுதானே என்று கேட்டது. அந்த விதிகளில் ஒன்றை 1973-லேயே நீக்கிவிட்டதாகவும், மற்றதையும் நீக்கப்போவதாகவும் அரசு சொன்னது. வழக்கு நடக்கும்போதே பதவி உயர்வும் கொடுத்துவிட்டது. அதனால் சீனியாரிட்டியை மறுபடி பார்க்கச் சொல்லிவிட்டு மனுவைத் தள்ளுபடி செய்தார்கள். நாடு முழுவதும் மேற்கோள் காட்டும் இந்த வழக்கில் மனுதாரர் ஏட்டின்படி தோற்றவர் என்பது எனக்கு இன்றும் வலிக்கிறது.

அதற்கு ஒன்பது ஆண்டு கழித்து, 1988-ல், கல்யாணம் செய்துகொண்டதற்காக ராணுவச் செவிலியர் அதிகாரி ஒருவரை வீட்டுக்கு அனுப்பினார்கள். அதற்கு வழி செய்த 1977-ஆம் ஆண்டு ஆணை 1995-ல்தான் திரும்பப் பெறப்பட்டது. அவருக்கு மீண்டும் வேலை கொடுக்கச் சொன்ன தீர்ப்பாய உத்தரவை எதிர்த்து அரசு உச்ச நீதிமன்றம் வரை போனது. 2024 பிப்ரவரியில் வேலைக்குப் பதிலாக 60 லட்சம் ரூபாய் கொடுக்கச் சொல்லி வழக்கை முடித்தார்கள்.