பரிவ்ராஜகர்

மடாதிபதிகளின் ஸ்ரீமுகங்களில் விருதுச்சொல்லாகவே இன்று பெரும்பாலும் எஞ்சியிருக்கும் 'பரிவ்ராஜகர்' என்னும் பதம், செல்லுதலைக் குறிக்கும் 'வ்ரஜ்' என்ற தாதுவோடு, சுற்றிலும் என்று பொருள்படும் 'பரி' என்ற உபசர்க்கம் கூடிப் பிறந்தது. பிருகதாரண்யக உபநிஷதத்தில் யாக்ஞவல்கியர் இல்லறத்தை விட்டுப் புறப்படப்போவதாக மைத்ரேயியிடம் கூறும் இடத்தில் வருவதும் இதே தாதுதான். பௌத்தர்கள் துறவேற்பைப் பாலி மொழியில் 'பப்பஜ்ஜா' என்று வழங்கியதும் இதன் வழியே.

ஆனால் அலைவது மட்டுமே துறவாகிவிடுமா? மழைக்காலத்திலும் ஊர் ஊராகத் திரிந்து பசும்புல்லையும் சிற்றுயிர்களையும் மிதிக்கிறார்களே என்று ஜனங்கள் குறைகூறவே, புத்தர் தம் பிக்ஷுக்களை அப்பருவத்தில் மூன்று மாதம் ஓரிடத்தில் தங்கும்படி விதித்தார் என்று விநயபிடகம் சொல்லுகிறது. வைதிக சந்நியாசிகளின் சாதுர்மாஸ்ய விரதமும் இத்தகையதே. கால் நின்றதனால் அவர்களுடைய துறவு குன்றிவிடவில்லை. எந்த இடத்தையும் தனதென்று கொள்ளாமையே அப்பதத்தின் உயிர். நடை அதற்குக் காவல். அக்காவலும் அற்பமானதன்று, நெடுநாள் ஓரிடத்தில் அமர்ந்தவரைத் தேடி நிலமும் களஞ்சியமும், அவற்றின் பின்னே கணக்குப்பிள்ளையும் (அவருக்குப் பின் வழக்கறிஞரும்) வந்து சேர்வது உலக வழக்கு. நிலபுலங்களைப் பரிபாலித்துக்கொண்டே அவ்விருதைத் தரிப்பது, என் கருத்தில், பொருந்தாது.