இருவினையொப்பும் இல்லறத்தார் இருபணியும்

பொருளீட்டும் பணியும் மகவைப் பேணும் பணியும் ஒருங்கே மேற்கொண்ட அம்மையாரொருவர், "அலுவலிலிருக்குங்கால் குழந்தையை வஞ்சித்தேனென்றும், குழந்தையோடிருக்குங்கால் அலுவலை வஞ்சித்தேனென்றும் நெஞ்சு சுடுகின்றது, இவ்விரண்டையும் ஒப்பாக்கும் வழி யாது?" என்று எம்மை வினவினார். இவ்வினா அவரொருவர்க்கே உரியதன்று. ஆகலின் ஈண்டுச் சிறிது ஆராய்வாம்.

ஒப்பென்பது யாது? இருவினையொப்பு என்புழி, நல்வினையுந் தீவினையும் அளவால் ஒத்தலென்று கொள்வாருமுளர். அது பொருந்தாது. அவை துலாக்கோலின் இருதட்டுப்போற் சமனாய் நிற்பினும், அதனால் உயிர்க்கு வருவதொரு பக்குவமில்லை. இரண்டன் பயனிலும் விருப்பு வெறுப்பின்றி உயிரறிவு ஒத்து நிற்றலே ஒப்பென்க. இந்நெறியால் நோக்கின், நாழிகைகளை எண்ணிச் சரிபாதியாகப் பகுத்தல் அம்மையார் வேண்டிய அமைதியைத் தாராது. "யானே காக்கின்றேன், யானில்லையேல் யாவுங் கெடும்" என்னும் முனைப்பே அவரைச் சுடுவது. குழந்தையும் ஓருயிர், தன் வினைக்கீடாக உடம்பெடுத்து வந்தது. காவல் நம்பால் வைக்கப்பட்டதேயன்றி உடைமை நம்முடையதன்று.

அற்றேல், குழந்தை பசித்தழவும் ஒப்புப் பேசியிருத்தல் அமையுமோவெனின், அமையாது. மனவொப்பு கடமையைக் கைவிடுதற்குக் கருவியன்று. அன்றியும், இருவர் சுமையை ஒருத்தி தோள்மேலேற்றி, அவட்கு மனவொப்பைப் போதித்தல் அறமாகாது. சிராப்பள்ளியிற் கருவுயிர்க்கும் பெண்ணொருத்தியின் தாய் காவிரி வெள்ளத்தாற் றடைப்பட்டகாலை, இறைவனே அத்தாய் வடிவுகொண்டு உதவினானென்பது தலவரலாறு. தாயுமானவர் என்னுந் திருநாமம் அதனால் வந்தது. இறைவற்கு இழிவாகாத பணி தந்தையர்க்கு இழிவாதல் எங்ஙனம்?

இந்திய நாட்டில் 2017 ஆம் ஆண்டின் மகப்பேற்றுச் சட்டத்திருத்தம், மக்கள் இருவர்க்குக் குறைந்த தாயர்க்கு ஊதிய விடுப்பை 12 வாரத்தினின்று 26 வாரமாக உயர்த்திற்று. 50 பேரேனும் பணிபுரியும் நிலையங்கள் குழந்தைக் காப்பகம் அமைத்தல் வேண்டுமென்றும் விதித்தது. தந்தையர்க்கோ அத்திருத்தம் ஒருநாள் விடுப்பும் வகுத்திலது. இது சட்டத்தின் குறை மட்டுமன்று. மகவைப் பேணல் தாயர்க்கேயுரியதெனக் கொண்ட நம் மனக்குறையுமாம்.

ஆகலின் அம்மையார்க்கு யாம் கூறுவது: அலுவலில் அலுவலையும் மனையில் மகவையும் இறைபணியென்றெண்ணி இயன்றவாறு செய்க, இயலாது எஞ்சியதற்கு நெஞ்சை வருத்தற்க. அவர்தங் கணவர்க்கு யாம் கூறுவது வேறு: அந்நெஞ்சு சுடுவதிற் பாதி நும் கை வாளாவிருத்தலான் வந்தது, அதனைத் தணித்தல் நும் கடன். இல்லறத்தைப் பெண்டிர்க்கே உபதேசித்துவந்த பிழையை, மேடையேறிப் பேசும் யாமும் ஒப்புக்கொள்ளுதல் முறையாகும்.