பணிவுக்கு எல்லை யாது?

ஆள்வோர் இடும் கட்டளைக்கு மக்கள் எம்மட்டும் பணிதல் வேண்டும் என்னும் வினா, அரசு என ஒன்று தோன்றிய நாள் தொட்டே மாந்தரை வருத்தி வருகின்றது. அரசன் ஆணையே தெய்வ ஆணை என்பார் ஒரு சாரார். தெய்வத்தின் ஆணைக்கு முரணான அரசாணை ஆணையே அன்று என்பார் மற்றொரு சாரார். இரு சாராரும் ஒரே மறைநூலைக் கையில் ஏந்தி நிற்பதே வியப்பு. இவ்வழக்கு வாய்ப்பேச்சோடு நில்லாது இரத்தம் சிந்த வைத்த நாடுகளுள் ஒன்று ஜெர்மனி. அந்நாட்டு வரலாற்றைச் சிறிது ஆராய்வோமாக.

கிறிஸ்தவ மறையில் இவ்வழக்கிற்கு இரண்டு ஆதாரங்கள் உள. ரோமாபுரிச் சபையாருக்குப் பவுல் எழுதிய கடிதத்தின் 13ஆம் அதிகாரம், ஆளும் அதிகாரங்கள் கடவுளால் ஏற்பட்டவையாதலின் அவற்றிற்கு அடங்குக என்கின்றது. அப்போஸ்தலர் நடபடிகளின் 5ஆம் அதிகாரத்திலோ, போதனை செய்யலாகாதெனத் தடுத்த ஆலோசனைச் சங்கத்தின் முன், மனிதரினும் கடவுளுக்கே தாம் கீழ்ப்படிய வேண்டியவர் எனப் பேதுரு மறுத்துரைக்கின்றார். முன்னதை ஓதுவோர் ஒன்றை மறந்துவிடுகின்றனர். பவுல் வெறுங்கட்டளை இடவில்லை. காரணமும் உடன் கூறுகின்றார். ஆள்வோர் மக்களின் நன்மைக்கென அமைந்த ஊழியர் என்பதே அக்காரணம். காரணத்தை விடுத்துக் கட்டளையை மட்டும் ஓதியதனால் விளைந்த கேடு கொஞ்சமன்று.

மார்ட்டின் லூதர் புதிய ஏற்பாட்டை ஜெர்மன் மொழியில் பெயர்த்து 1522ஆம் ஆண்டில் வெளியிட்டார். சாக்சனியின் ஒரு பகுதியை ஆண்ட ஜார்ஜ் கோமகன் அந்நூலைத் தடுத்து, பிரதிகளை ஒப்படைக்குமாறு குடிகளுக்கு ஆணையிட்டான். இதற்கு விடையாக லூதர் 1523இல், உலக அதிகாரத்துக்கு எம்மட்டும் கீழ்ப்படிவது என்பது பற்றி ஒரு நூல் எழுதினார். உடலும் உடைமையும் அரசின் எல்லைக்குட்பட்டவை; ஆன்மாவின்மேல் அரசுக்கு ஆணை இல்லை; ஆதலின் நூலைக் கொண்டுபோய்க் கொடாதீர்; வீடு புகுந்து பறித்தால் எதிர்த்தடியாது பொறுத்துக்கொள்ளுங்கள் என்பது அவர் போதனை.

இரண்டாண்டு சென்றது. 1525இல் உழவர்கள் கிளர்ந்தெழுந்தனர். மெம்மிங்கன் நகரில் அவர்கள் பன்னிரண்டு கோரிக்கைகளை எழுதி அச்சிட்டனர். போதகரைத் தாங்களே தெரிந்தெடுத்தல் வேண்டும். வழக்கத்திற்கு மிஞ்சிய வேலை வாங்கலாகாது. காட்டு விறகும் ஆற்று மீனும் ஏழைக்கும் உரியன. கிறிஸ்து உயர்ந்தோர் தாழ்ந்தோர் அனைவரையும் மீட்டாராதலின் பண்ணையடிமை ஒழிதல் வேண்டும் என்றனர். நியாயமான அனைத்திலும் அதிகாரத்துக்குப் பணிவோம் என்றும், தம் கோரிக்கைகளுள் எதுவேனும் மறைக்கு மாறானதெனக் காட்டப்பெற்றால் அதனைக் கைவிடுவோம் என்றும் அவர்களே எழுதிவைத்தனர். இவர்களையா கலகக்காரர் என்பது?

லூதர் முதலில் சிற்றரசர்களின் பேராசையையும் கண்டித்தே எழுதினார். ஆயின் பண்ணையடிமை ஒழிதல் வேண்டும் என்றதை, ஆன்ம விடுதலையை உடல் விடுதலையாக்கும் பிழை என்று தள்ளினார். கலகம் முற்றியதும் உழவரைக் கொன்றொழிக்குமாறு அரசர்களை ஏவி மற்றொரு நூல் எழுதினார். அவ்வாண்டு மாண்ட உழவர் ஓரிலட்சம் வரை இருக்கலாம் என்பது வரலாற்றறிஞர் மதிப்பு.

இனி, இதன் மறுபுறத்தைக் காண்க. கத்தோலிக்கச் சக்கரவர்த்தி ஐந்தாம் சார்லஸ், லூதரைப் பின்பற்றிய சிற்றரசர்களின்மேல் படையெடுக்கக் கூடும் என்ற அச்சம் 1530இல் எழுந்தது. டோர்காவ் நகரில் சட்டநிபுணர்கள் கூடி, சக்கரவர்த்தி முறைதவறின் சிற்றரசர் எதிர்க்கலாம் எனச் சட்டம் காட்டினர். சட்டம் இடந்தருமாயின் தாம் தடுப்பதற்கில்லை என லூதரும் இசைந்தார். 1550இல் மக்டெபர்க் நகரப் போதகர்கள் இன்னும் ஒருபடி சென்று, மேலதிகாரி கொடுங்கோலனாயின் கீழதிகாரி எதிர்ப்பது கடமை என அறிக்கை வெளியிட்டனர். ஓராண்டுக்கு மேல் முற்றுகையைத் தாங்கி, அந்நகர் தன் சமயத்தைக் காத்துக்கொண்டது.

அரசனுக்கு இடுக்கண் வந்தபோது சட்டத்தில் வழி கிடைத்தது. நகரத்தார்க்கு வந்தபோது மறையில் வழி கிடைத்தது. உழவனுக்கு வந்தபோது மட்டும் வாள் கிடைத்தது. மறைநூல் மாறவில்லை, துலாக்கோல் மாறியது. பணிவதா எதிர்ப்பதா என்பது அன்று இவ்வழக்கின் உட்கிடை. எடைபோடும் உரிமை யாருக்கு என்பதே உட்கிடை.

எடைபோடும் உரிமையை எல்லோருக்கும் அளித்தால் நாடு என்னாகும் என்று கேட்பார் உளர். இக்கேள்வியை நாம் எளிதில் தள்ளிவிடல் ஆகாது. தாமஸ் முன்சர் என்னும் போதகர், கடவுள் நமக்கு வெற்றி தருவார் என்று கூறிப் பிராங்கன்ஹவுசன் களத்துக்கு உழவரை அழைத்துச் சென்றார். ஆயிரக்கணக்கானோர் அங்கே வெட்டுண்டனர். தெய்வம் என்னோடு பேசிற்று என்பவனிடம் யாரும் கணக்குக் கேட்க இயலாது. கணக்குக் காட்டாத எதிர்ப்பும் கணக்குக் காட்டாத ஆட்சியும் உடன்பிறப்புக்களே. ஆனால் மெம்மிங்கன் உழவர் கணக்குக் காட்டினர், திருத்தத்துக்கும் இசைந்தனர். மக்டெபர்க் போதகரும் தீங்கை நான்கு படிகளாகப் பகுத்து, சிறு தீங்குக்கு வாளெடுக்கலாகாது என்றே வரையறுத்தனர். எதிர்ப்போன் காரணம் கூறக் கடமைப்பட்டவன். அதுபோன்றே ஆள்வோனும் கடமைப்பட்டவன்.

நானூறு ஆண்டு கழிந்து அதே நாட்டில் அதே வழக்கு மீண்டும் எழுந்தது. ஹிட்லர் ஆட்சிக்கு வந்தபின், 1934 மே மாதம் பார்மன் நகரில் கூடிய சபையார், மனித வாழ்வு முழுவதையும் அரசு தனக்கே உரிமையாக்கிக்கொள்ளல் தகாது என அறிக்கை விடுத்தனர். அடுத்த மாதமே, லூதர் வழிவந்த சமயவாதிகள் சிலர், ஹிட்லரைக் கடவுள் தந்த நல்லதிபதி எனப் போற்றி மறுப்பு வெளியிட்டனர். பார்மன் அறிக்கை துணிவுடையதே. எனினும் யூதர்க்கு இழைக்கப்பட்ட கொடுமை பற்றி அதில் ஒரு சொல்லும் இல்லை. சபை தன் உரிமைக்கு வாய் திறந்தது. அயலான் உயிருக்கு வாய் திறக்கவில்லை. டீட்ரிக் போன்ஹோபர் என்னும் இளம் போதகரோ, 1933இலேயே யூதர் நிலைபற்றி எழுதி, அரசின் செயல் முறையானதா என வினவுதலும், எச்சமயத்தவராயினும் துன்புற்றோர்க்கு உதவுதலும், வேண்டுமாயின் அரசின் போக்கையே தடுத்து நிற்றலும் சபையின் கடமை என்றார். பின்னர் ஹிட்லருக்கு எதிரான சதியில் பங்குகொண்டு, 1945 ஏப்ரல் 9ஆம் நாள் தூக்கிலிடப்பட்டார்.

அன்பர்களே! பணிவு நற்குணமே, நாடும் வீடும் அதனாலேயே நிலைபெறுகின்றன. ஆயின் பணிக என்று நமக்குப் போதிப்பவர் எவராயினும், அவரை ஒன்று கேட்போம். உமது உரிமை பறிபோகும் நாளிலும் இதையே போதிப்பீரா? எதிர்த்திடுக என்று போதிப்பவரையும் ஒன்று கேட்போம். உமக்கு உறவல்லாதவன் நசுக்குண்ணும் நாளிலும் எதிர்ப்பீரா? இவ்விரு வினாவுக்கும் ஆம் என்று விடைதர வல்லவர் கையிலுள்ள துலாக்கோலே நேரியது. அக்கோலை மாளிகைக்கும் குடிசைக்கும் ஒன்றாகவே பிடிக்கக் கற்றல் நம் கடன்.